‘ஏற்றுக்கொள்கிறேன்’: ஒரு நிகழ்காலச் சொல்லும் அதைச் சுற்றி வளர்ந்த சட்டங்களும்

கத்தோலிக்கத் திருமணத்தைச் செய்துவைப்பவர் யார் என்று கேட்டால், கோயிலுக்குத் தவறாமல் போகிறவர்கள்கூட “பங்குச்சாமிதான்” என்பார்கள். இலத்தீன் திருச்சபையின் போதனை அப்படிச் சொல்லவில்லை. திருமணம் என்ற அருளடையாளத்தை, அதாவது புனிதச் சடங்கை, வழங்குபவர்கள் மணமகனும் மணமகளும். அவன் அவளுக்கு வழங்குகிறான், அவள் அவனுக்கு வழங்குகிறாள். குருவானவர் திருச்சபையின் பெயரால் அவர்கள் முன் நின்று சம்மதத்தைக் கேட்டுப் பெறுகிறார், ஆசி அளிக்கிறார். சீரோ மலபார், சீரோ மலங்கரா போன்ற கீழைத் திருச்சபைகளின் மரபு வேறு. அங்கே பொதுவாகக் குருவின் ஆசி இல்லாமல் திருமணம் செல்லாது. இந்தப் பதிவு முழுக்க இலத்தீன் முறையைப் பற்றியது.

இந்த ஒரு போதனையைப் பிடித்துக்கொண்டால், பங்கு அலுவலகத்தில் நம்மை அலைக்கழிப்பதுபோலத் தெரியும் ஓலை (கோயிலில் வாசிக்கும் திருமண அறிவிப்பு), விசாரணை, சான்றிதழ், சாட்சி, ஆயர் அனுமதி எல்லாம் ஏன் வந்தன என்பது விளங்கிவிடும். இரண்டு பேர் சொல்லும் ஒரு சொல்தான் திருமணம். அந்தச் சொல்லை யாரும் பொய்யாக்கிவிடக் கூடாது, யாரும் மிரட்டி வாங்கிவிடக் கூடாது. எண்ணூறு ஆண்டுகளாகத் திருச்சபை போட்ட வேலிகளில் பெரும்பாலானவை இதற்காகப் போட்டவை.

866-இல் பல்கேரிய மக்கள் அனுப்பிய கேள்விகளுக்குப் பதில் எழுதிய திருத்தந்தை முதலாம் நிக்கோலாஸ், திருமணத்துக்கு இருவரின் சம்மதம் போதும், அது இல்லாவிட்டால் மற்ற எல்லாம் இருந்தும் பயனில்லை என்று சொல்லியிருந்தார். உரோமைச் சட்டத்தின் பழைய கொள்கையும் அதுதான். ஆனால் எந்தக் கணத்தில் திருமணம் உண்டாகிறது? பன்னிரண்டாம் நூற்றாண்டில் இது பெரிய சர்ச்சை. பொலோஞ்ஞாவின் சட்ட அறிஞர் கிராசியான், நிச்சயத்தில் தொடங்கி உடலுறவில்தான் திருமணம் நிறைவடைகிறது என்றார். பாரிசில் பேதுரு லொம்பார்து, நிகழ்காலத்தில் சொல்லும் சம்மதமே போதும் என்றார். 1159 முதல் 1181 வரை திருத்தந்தையாக இருந்த மூன்றாம் அலெக்சாண்டரின் தீர்ப்புகள் இதற்கு முடிவு கட்டின. நிகழ்காலச் சம்மதம் திருமணத்தை உண்டாக்குகிறது, உடலுறவு அதைப் பிரிக்க முடியாததாக்குகிறது. 1983-ஆம் ஆண்டின் இன்றைய திருச்சபைச் சட்டத் தொகுப்பில் சட்ட எண் 1061-இலும் 1142-இலும் இதே பிரிவு அப்படியே இருக்கிறது. உடலுறவு நடக்காத திருமணத்தைத் தகுந்த காரணத்துக்காகத் திருத்தந்தை கலைக்க முடிவது அதனால்தான்.

நிகழ்காலம், எதிர்காலம் என்ற வேறுபாடு அன்றைய நீதிமன்றங்களில் உயிர்நாடியான விஷயம். தமிழில் வைத்துப் பார்த்தால் சட்டென்று புரியும். “உன்னைக் கட்டிக்கொள்வேன்” என்றால் அது நிச்சயதார்த்தம், வெறும் வாக்கு. “உன்னைக் கட்டிக்கொள்கிறேன்” என்றால் அந்த நிமிடமே திருமணம். ஒரு ‘வ்’ எங்கே, ஒரு ‘கிற்’ எங்கே என்பதை வைத்து ஒரு பெண் மனைவியா இல்லையா என்று முடிவாயிற்று. “கட்டிக்கொள்வேன்” என்று சொல்லிவிட்டு உடலுறவு கொண்டால் அதையும் நிகழ்காலச் சம்மதமாகவே எடுத்துக்கொண்டார்கள். இன்றும் நம் திருமணச் சடங்கில் “ஏற்றுக்கொள்கிறேன்” என்று நிகழ்காலத்தில்தான் சொல்கிறோம். பதற்றத்தில் மணமகன் “ஏற்றுக்கொள்வேன்” என்று சொல்லிவிட்டால் கவனமுள்ள குரு நிறுத்தி, மறுபடி சொல்லச் சொல்வார். அவர் செய்வது சரி.

இந்தப் போதனைக்கு ஒரு விலை இருந்தது. சம்மதம் மட்டும் போதுமென்றால் சாட்சி வேண்டாம், குரு வேண்டாம், கோயிலும் வேண்டாம். தோட்டத்தில், சமையலறையில், சத்திரத்தில் இருவர் சொல்லிக்கொண்டால் கடவுள் முன் அது உண்மையான திருமணம். பிறகு அவன் “நான் அப்படிச் சொல்லவே இல்லை” என்று மறுத்துவிட்டு இன்னொருத்தியைக் கோயிலில் ஊரறியக் கட்டிக்கொள்வான். திருச்சபை நீதிமன்றம் என்ன செய்யும்? சாட்சி இல்லாததால் இரண்டாவது கல்யாணத்தைத்தான் ஏற்கும். முதல் பெண்ணுக்கு நீதி இல்லை. அவனோ தன் மனச்சாட்சிப்படி விபசாரத்தில் வாழ்கிறான். இடைக்கால ஆயர் நீதிமன்றப் பதிவேடுகளில் இத்தகைய வழக்குகள் நிறைந்துகிடக்கின்றன. வழக்குப் போட்டவர்களில் பெண்களே அதிகம் என்பது அந்தப் பதிவேடுகளைப் படிக்கிறவர்களுக்குத் தெரியும்.

முதல் வேலி 1215-இல் வந்தது. திருத்தந்தை மூன்றாம் இன்னொசெந்து கூட்டிய ஆயர் பேரவையான நான்காம் இலாத்தரன் பொதுச்சங்கம், திருமணத்தைக் கோயிலில் முன்கூட்டியே அறிவிக்க வேண்டும் என்றது. தடை தெரிந்தவர்கள் வந்து சொல்வதற்குக் கால அவகாசமும் கொடுக்கச் சொன்னது. நம் ஊரில் மூன்று ஞாயிறு ஓலை வாசிக்கிறோமே, அதன் வேர் இது. ஓலை என்றால் கடிதம், ஆவணம் என்று பழந்தமிழில் பொருள். அந்தச் சொல்லைக் கத்தோலிக்கத் தமிழ் இன்னும் விடாமல் வைத்திருப்பது எனக்கு மகிழ்ச்சி. ஆனால் இலாத்தரன் விதித்ததை மீறினால் தண்டனைதான் உண்டு, திருமணம் செல்லாமல் போகாது. அதனால் ரகசியத் திருமணங்கள் நிற்கவில்லை.

மூன்றரை நூற்றாண்டு கழித்து, 1563 நவம்பர் 11 அன்று திரெந்து பொதுச்சங்கம் தன் 24-ஆம் அமர்வில் ‘தாமேத்சி’ என்ற ஆணையை இயற்றியது. அந்த இலத்தீன் சொல்லுக்கு ‘என்றாலும்’ என்று பொருள். ஆணையின் முதல் சொல் அது. தொடக்கமே ஒரு ஒப்புதல்தான். ரகசியமாகச் சம்மதித்துச் செய்துகொண்ட திருமணங்கள் இதுவரை உண்மையான திருமணங்களே, அதை மறுப்பவர்களையும், பெற்றோர் சம்மதம் இல்லாத திருமணம் செல்லாது என்று சொல்பவர்களையும் சங்கம் கண்டிக்கிறது, என்றாலும் இனிமேல் பங்குக் குருவோ அவர் அனுமதி பெற்ற வேறு குருவோ முன்னிலையில், இரண்டு மூன்று சாட்சிகளோடு அல்லாமல் செய்வது செல்லாது என்று போகிறது அந்த வாசகம்.

சங்கத்தில் இது எளிதாக நிறைவேறவில்லை. எதிர்த்தவர்கள் கணிசமான பேர். அவர்கள் கேள்வி நியாயமானது. இருவரின் சம்மதமே அருளடையாளம் என்றால், அதைச் செல்லாததாக்கத் திருச்சபைக்கு ஏது அதிகாரம்? கிடைத்த விடை நுட்பமானது. சங்கம் அருளடையாளத்தைத் தொடவில்லை. குருவும் சாட்சியும் இல்லாமல் ஒப்பந்தம் செய்ய முயல்கிறவர்களை, அப்படி ஒப்பந்தம் செய்யத் தகுதியற்றவர்கள் என்று அறிவித்தது. ஒப்பந்தம் இல்லாத இடத்தில் அருளடையாளமும் இல்லை.

பிரெஞ்சு மன்னர் தரப்பு கேட்டது இன்னொன்று: பெற்றோர் சம்மதம் இல்லாத திருமணங்களைச் செல்லாதவையாக்க வேண்டும். பிரான்சில் 1556-இலேயே இரண்டாம் ஹென்றி ஓர் ஆணை போட்டிருந்தார். 30 வயதுக்குக் கீழ் மகனோ 25 வயதுக்குக் கீழ் மகளோ பெற்றோரைக் கேட்காமல் கட்டிக்கொண்டால் சொத்துரிமையைப் பறிக்கலாம். சங்கம் அந்தக் கோரிக்கைக்கு இணங்கவில்லை. பெற்றோரின் சொல்லை மதிக்கச் சொன்னது, ஆனால் திருமணத்தின் செல்லுபடியை அவர்கள் கையில் கொடுக்கவில்லை. கத்தோலிக்கப் போதனை சமூக வரலாற்றில் ஆழமாகத் தடம் பதித்த இடங்களில் இது ஒன்று என்பது என் துணிபு. சாதியும் சொத்தும் பார்த்துப் பெரியவர்கள் முடிவெடுக்கும் எந்த ஊருக்கும் இந்த வரி பொருந்தும். பிரான்சு திரெந்தின் ஆணைகளை அரசு முறையில் வெளியிடவே இல்லை. 1579-இல் புளுவா அரசாணை வழியாக ஓலையையும் நான்கு சாட்சிகளையும் தன் சட்டமாக்கிக்கொண்டது.

தாமேத்சியில் ஒரு நடைமுறைச் சிக்கல் இருந்தது. ஒவ்வொரு பங்கிலும் அதை வாசித்து வெளியிட வேண்டும். முதல் வெளியீட்டிலிருந்து 30 நாள் கழித்துத்தான் அந்தப் பங்கில் அது நடைமுறைக்கு வரும். வெளியிடாத இடங்களில் பழைய சட்டமே நீடித்தது. இங்கிலாந்திலும் வட ஐரோப்பாவின் சீர்திருத்தச் சபை நாடுகளிலும் அது வெளியாகவில்லை. ஆற்றுக்கு இந்தக் கரையில் செல்லாத திருமணம் அந்தக் கரையில் செல்லும் என்ற நிலை முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது. ஒரு வியப்பையும் சொல்ல வேண்டும். திருத்தந்தையை உதறிய ஸ்காட்லாந்தில், அலெக்சாண்டர் காலத்து ‘நிகழ்காலச் சம்மதம் போதும்’ என்ற விதி 1940 வரை நாட்டுச் சட்டமாகவே இருந்தது. 1754-இல் இங்கிலாந்து தன் சட்டத்தை இறுக்கியதும் அங்கிருந்து காதலர்கள் எல்லை தாண்டி கிரெட்னா கிரீனுக்கு ஓடியது இதனால்தான்.

இன்னொரு ஓட்டையும் இருந்தது. திரெந்து கேட்டது குரு அங்கே இருப்பதை மட்டும். அவர் கேள்வி கேட்க வேண்டும், மனமுவந்து இருக்க வேண்டும் என்று சொல்லவில்லை. எனவே இருவர் இரண்டு சாட்சிகளைக் கூட்டிக்கொண்டு பங்குக் குருவின் அறைக்குள் திடீரென்று புகுந்து, அவர் காதில் விழும்படி “இவள் என் மனைவி”, “இவர் என் கணவர்” என்று சொல்லிவிட்டால் போதும். அவர் காதைப் பொத்திக்கொண்டாலும் என்ன நடக்கிறது என்று உணர்ந்திருந்தால் திருமணம் செல்லும், செய்தவர்களுக்குத் தண்டனை உண்டு. இதை அடைத்தது பத்தாம் பயஸ் காலத்து ‘நே தேமெரே’ ஆணை. 1907 ஆகஸ்டு 2 அன்று வெளியாகி, 1908 ஏப்ரல் 19, உயிர்ப்பு ஞாயிறு முதல் அமலுக்கு வந்தது. குரு எந்த வற்புறுத்தலும் இல்லாமல், தாமே சம்மதத்தைக் கேட்டுப் பெற வேண்டும். பங்கு பங்காக வெளியிடும் முறையும் ஒழிந்தது. ஆனால் கலப்புத் திருமணங்களுக்கும் இது பொருந்தியதால் அயர்லாந்தில், குறிப்பாக பெல்பாஸ்டில், பெரும் கசப்பு உண்டாயிற்று. அரசுச் சட்டப்படி கணவன் மனைவியாக வாழ்ந்தவர்கள், திருச்சபை முன் அப்படி இல்லை என்று ஆனார்கள். அந்தக் காயத்தை மறைத்துவிட்டு இந்த ஆணையைப் புகழ்வது நேர்மையாகாது.

இனி இன்றைய நடைமுறைக்கு வருவோம். மேலே சொன்ன வரலாறு ஒரு பங்கு அலுவலகத்தில் எங்கெங்கே தட்டுப்படுகிறது என்று பார்க்கலாம்.

அடிக்கடி நடக்கும், ஆனால் யாரும் கவனிக்காத தவறு ஒன்று: வெளியூர்க் குரு. பெண்ணின் தாய்மாமன் குருவானவர், வேறு மறைமாவட்டத்தில் இருக்கிறார், அவரே நடத்தி வைக்கட்டும் என்று குடும்பம் விரும்பும். நல்ல ஆசைதான். ஆனால் சட்ட எண் 1108, 1111 சொல்வது இது: திருமணத்தில் சம்மதத்தைப் பெறும் அதிகாரம் அந்த இடத்து ஆயருக்கும் பங்குத்தந்தைக்கும்தான் உண்டு, அதுவும் தங்கள் எல்லைக்குள் மட்டும். வேறு குருவோ திருத்தொண்டரோ நடத்தினால் அவருக்கு அந்தத் திருமணத்துக்கென்று வெளிப்படையான அனுமதி வேண்டும். வாய்மொழியாகக் கொடுத்தாலும் செல்லும், ஆனால் பின்னால் நிரூபிக்க முடியாது. “சாமி, நம்ம மாமா வர்றார்” என்று பங்குத்தந்தையிடம் சொன்னது அனுமதி ஆகாது. யார், யாருடைய திருமணத்தை, என்று, எந்தக் கோயிலில் நடத்துகிறார் என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கித் திருமணக் கோப்பில் வைக்கச் சொல்லுங்கள். பங்குத்தந்தை மாற்றலாகிப் போய்ப் புதியவர் வந்தாலும் அந்தத் தாள் பேசும். அனுமதி இல்லாமல் நடந்தால், எவ்வளவு பக்தியோடு நடந்திருந்தாலும் அந்தத் திருமணத்தின் செல்லுபடி கேள்விக்குள்ளாகும்.

சாட்சிகள் இருவர். அவர்கள் கத்தோலிக்கராக இருக்க வேண்டும் என்று சட்டம் கேட்கவில்லை. நடப்பதைப் பார்த்துப் புரிந்துகொண்டு பின்னால் சொல்லக்கூடியவர்களாக இருந்தால் போதும். எனவே படம் எடுக்க அலைந்துகொண்டிருக்கும் நண்பரை எழுதாதீர்கள். அதிகாரமுள்ள குருவே கிடைக்காத நிலை, அது ஒரு மாதத்துக்கு நீடிக்கும் என்று விவேகத்தோடு கணிக்க முடிந்தால், இரண்டு சாட்சிகள் முன் மட்டுமே கட்டிக்கொள்ளலாம் என்கிறது சட்ட எண் 1116. சம்மதம்தான் திருமணம் என்ற பழைய அடித்தளம் இங்கே மறுபடி வெளியே தெரிகிறது.

அடுத்து உறவுமுறை. தமிழ்க் குடும்பங்களுக்கு அதிகக் குழப்பம் தருவது இது.

எண்ணும் முறை எளிது. இருவருக்கும் பொதுவான மூதாதையர் வரை ஒரு பக்கம் ஏறி, மறு பக்கம் இறங்கி, வழியில் உள்ள ஆட்களை எல்லாம் எண்ண வேண்டும். பொது மூதாதையரை விட்டுவிட வேண்டும். அத்தை மகளைக் கட்டுகிறவரை எடுத்துக்கொள்வோம். அவர், அவருடைய அப்பா, (தாத்தா பாட்டியை விட்டுவிட்டு) அத்தை, அத்தை மகள். நான்கு பேர், நான்காம் படி. அக்காள் மகளைக் கட்டுகிறவர் என்றால் அவர், அக்காள், அக்காள் மகள். மூன்றாம் படி. சட்ட எண் 1091-இன்படி பக்கவாட்டில் நான்காம் படி வரை தடை உண்டு. எனவே இரண்டுக்கும் ஆயரின் விதிவிலக்கு தேவை. முன்னதற்கு வழக்கமாகக் கிடைக்கும். பின்னதற்கு ஆயர் மிகவும் யோசிப்பார். உடன்பிறந்தவர்களுக்கு இடையிலும், பெற்றோர் பிள்ளை, தாத்தா பேத்தி என்ற நேர் வரிசையிலும் எந்தக் காலத்திலும் விதிவிலக்கு கிடையாது. அப்பாவின் அத்தை மகனுடைய மகள் என்றால்? அவர், அப்பா, தாத்தா, தாத்தாவின் தங்கை, அவர் மகன், அவர் மகள். ஆறாம் படி. 1917-ஆம் ஆண்டுச் சட்டத்தில் தடை இருந்தது, 1983-க்குப் பிறகு இல்லை. பழைய ஆட்கள் “அதுக்கும் ஆயர்கிட்ட எழுதணும்” என்று சொல்வது அந்தக் காலத்து நினைவில்.

கவனியுங்கள், இந்தக் கணக்குக்கு முறைப்பெண் என்ற எண்ணமே இல்லை. அத்தை மகளும் நான்கு, பெரியப்பா மகளும் நான்கு. நமக்கு ஒருத்தி கட்டிக்கொள்ளும் முறை, மற்றவள் தங்கை. சட்டம் இருவரையும் ஒன்றாக எண்ணுகிறது. “எங்க முறைதானே, எதுக்குத் தடை” என்று விண்ணப்பத்தில் உறவையே எழுதாமல் விட்டுவிடுகிறவர்கள் உண்டு. அதுதான் ஆபத்து. விதிவிலக்கு வாங்காமல் நடந்தால், இருவருக்கும் தெரியாமலே நடந்திருந்தாலும்கூட, திருமணம் செல்லாது. செய்ய வேண்டியது: பொதுத் தாத்தா பாட்டி வரை பெயர்களோடு ஒரு வம்ச வரைபடம் போட்டு, காரணம் எழுதி, பங்குத்தந்தை வழியாக ஆயரகத்துக்கு அனுப்ப வேண்டும். தாலிகட்டும் நாளுக்கு முன் தேதியிட்ட பதில் கையில் இருக்க வேண்டும். பல தலைமுறையாகக் கொள்வினை கொடுப்பினை உள்ள குடும்பங்களில் இரண்டு மூன்று வழியாக உறவு வரும். இன்றைய சட்டத்தில் தடை அப்படிப் பெருகுவதில்லை. வரைபடத்தில் எல்லா வழியையும் காட்டுவது நல்லது, அவ்வளவுதான்.

இந்தத் தடைக்குப் பண்டைய ஆயர் அகுஸ்தினார் சொன்ன காரணம் அழகானது. ஒரே ஆள் இரண்டு மூன்று உறவாக இருப்பதைவிட, உறவுகள் பல ஆட்களிடம் பரவினால் அன்பு விரியும். ஆனால் சட்டம் அளவு மீறிய காலமும் உண்டு. 1215-க்கு முன் பழைய எண்ணிக்கையில் ஏழாம் தலைமுறை வரை தடை. சிறிய ஊரில் யாரைக் கட்டுவது? அரச குடும்பங்களுக்கோ அது வசதியான கதவாயிற்று. பிரான்சின் ஏழாம் லூயி 1137-இல் அக்குவித்தேன் நாட்டு எலியனோரை மணந்தார். 1152-இல் உறவுமுறையைக் காட்டி அந்தத் திருமணம் செல்லாது என்றாயிற்று. சில வாரங்களில் எலியனோர் மணந்த ஹென்றியும், பின்னாளில் இங்கிலாந்தின் மன்னரானவர், அதே தடைக்குள் வரும் உறவினர்தான். இலாத்தரன் சங்கம் ஏழு தலைமுறையை நான்கு தலைமுறையாகக் குறைத்தது. உடலில் நான்கு வகை நீர்மங்கள் இருப்பதால் நான்கு பொருத்தமான எண் என்றும் அதன் ஆணையில் எழுதியிருக்கிறது. அதே சங்கத்தின் இன்னொரு ஆணை, உறவைக் கேள்விப்பட்டதாகச் சொல்லும் சாட்சியை நம்பக் கூடாது என்றது. அது இன்னும் பயனுள்ள சீர்திருத்தம்.

திருமணத்தால் வரும் உறவில் இன்றைய சட்டம் மிகவும் தளர்ந்திருக்கிறது. மனைவி இறந்தபின் அவள் தங்கையைக் கட்ட முன்பு விதிவிலக்கு வேண்டும், இப்போது வேண்டாம். மாமியாரையோ மருமகளையோ போல நேர் வரிசையில் மட்டும் தடை.

இந்த விதிவிலக்குக்கு நாட்டுச் சட்டத்திலும் மதிப்பு உண்டு. உறவுமுறைத் தடை உள்ள இரு கத்தோலிக்கர் திருச்சபையின் விதிவிலக்கு பெற்று மணந்திருந்தால் அத்திருமணம் செல்லும் என்று 1972-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

தாலியைப் பற்றி ஒரு வார்த்தை. 1704-இல் புதுச்சேரியில் திருத்தந்தையின் தூதர் தூர்னோன் இட்ட ஆணையில், பிள்ளையார் உருவம் பொறித்த தாலியையும், மஞ்சள் தோய்ந்த 108 இழைக் கயிற்றையும் கிறிஸ்தவப் பெண்கள் அணியக் கூடாது என்று இருந்தது. சிலுவையோ அன்னை மரியின் உருவமோ பொறித்ததை அணியலாம் என்றார்கள். தாலி போகவில்லை, அதில் இருக்கும் உருவம் மாறியது. ஆனால் சட்டப்படி தாலி கட்டுவது திருமணத்தை உண்டாக்குவதில்லை. சம்மதம் சொல்லி முடித்த பிறகு வரும் அடையாளம் அது. கெட்டிமேளம் எப்போது என்று வாத்தியக்காரர் கேட்டால் தாலியைக் காட்டுவோம். திருமணம் அதற்கு இரண்டு நிமிடம் முன்பே நடந்துவிட்டது.

கலப்புத் திருமணத்தில் இரண்டு வகையைப் பிரித்துப் பார்க்க வேண்டும். மறுபக்கத்தவர் சிஎஸ்ஐ, லுத்தரன் போல முறைப்படி திருமுழுக்குப் பெற்றவர் என்றால் ஆயரின் அனுமதி வேண்டும். அது இல்லாமல் செய்வது தவறு, ஆனால் அந்தக் காரணத்தால் மட்டும் திருமணம் செல்லாமல் போகாது. திருமுழுக்குப் பெறாதவர் என்றால் சட்ட எண் 1086-இன்படி விதிவிலக்கு வேண்டும், அது இல்லாவிட்டால் செல்லாது. திருமணத்தை அவர்கள் கோயிலில் நடத்துவதென்றால் திருமண முறையிலிருந்தே தனியாக விதிவிலக்கு கேட்க வேண்டும். ஒரே விண்ணப்பம் என்று நினைத்து ஒன்றை மட்டும் வாங்கிவிட்டு நிற்பவர்கள் அதிகம். பதிவு அலுவலகத்தில் மட்டும் மணந்த கத்தோலிக்கர்களுக்கும் வழி இருக்கிறது. பங்குத்தந்தை முன் சம்மதத்தைப் புதுப்பிக்கலாம். மறுபக்கத்தவர் இன்னொரு சடங்குக்கு வர மறுத்தாலும், முதல் சம்மதம் நிலைத்திருந்தால், அதைப் புதுப்பிக்காமலே வேரிலிருந்து செல்லுபடியாக்க ஆயரால் முடியும்.

இப்போது விசாரணை. மணமகனையும் மணமகளையும் குரு தனித்தனியாக உட்காரவைத்துச் சத்தியம் வாங்கிக் கேட்கும் அந்த அரை மணி நேரம்தான், என் கணக்கில், முழுக் கோப்பிலும் மிக முக்கியமானது. மனப்பூர்வமாகச் சம்மதிக்கிறாயா, யாராவது வற்புறுத்தினார்களா, சாகும்வரை என்று ஏற்கிறாயா, பிள்ளைப்பேற்றுக்கு மனதைத் திறந்து வைத்திருக்கிறாயா, மறுபக்கத்துக்குச் சொல்லாமல் எதையாவது மறைத்திருக்கிறாயா. இதே சுதந்திரம், பிரமாணிக்கம், பிள்ளைகள் என்ற மூன்றையும் பீடத்தின் முன்னும் கேட்பார்கள், ஆனால் அங்கே ஐந்நூறு பேர் பார்த்துக்கொண்டிருக்கும்போது எந்தப் பெண் “இல்லை” என்பாள்? அலுவலக அறையில் கேட்டால் சொல்வாள், அம்மா பக்கத்தில் இல்லாவிட்டால். எனவே பெற்றோர்களே, அந்த அறைக்கு வெளியே இருங்கள். குருவே, அவர்கள் உள்ளே வந்தால் வெளியே அனுப்புங்கள். இருவரையும் ஒன்றாக உட்காரவைத்துப் படிவத்தில் ‘ஆம்’ ‘ஆம்’ என்று எழுதி முடிப்பது, சம்மதத்தைக் காக்க வந்த வேலியை நாமே பிடுங்கி எறிவது.

பெற்றோர் பார்த்துப் பேசி முடிக்கும் திருமணத்தில் தப்பில்லை. பிள்ளை அதைத் தன் முடிவாக எடுத்துக்கொண்டால் அது முழுச் சம்மதமே. ஆனால் அப்பா விஷம் குடித்துவிடுவேன் என்று மிரட்டியதால், வீட்டைவிட்டுத் துரத்திவிடுவார்கள் என்ற பயத்தால், தப்ப வேறு வழியே இல்லாமல் தலையாட்டியிருந்தால் சட்ட எண் 1103-இன்படி அந்தத் திருமணம் செல்லாது. அடி உதை இருக்க வேண்டியதில்லை. பெற்றோர்மேல் உள்ள மரியாதையிலிருந்து பிறக்கும் கடும் அச்சமும் இதில் அடங்கும் என்பதைத் திருச்சபை நீதிமன்றங்கள் நெடுங்காலமாக ஏற்றுவருகின்றன.

அப்படி ஒரு வழக்கு மறைமாவட்ட நீதிமன்றத்துக்குப் போனால் என்ன நடக்கும் என்பதில் ஏகப்பட்ட வதந்தி. அது விவாகரத்து இல்லை. தொடக்கத்திலேயே திருமணம் உண்டாகவில்லை என்று ஆராய்ந்து அறிவிப்பது. மனு, மறுபக்கத்துக்கு அழைப்பு, எந்தக் காரணத்தை ஆராய்வது என்று வரையறுத்தல், சாட்சிகள், தேவையானால் உளவியல் நிபுணர், பிறகு தீர்ப்பு. திருமண பந்தத்தைக் காத்து வாதிடவென்றே ஓர் அதிகாரி இருப்பார். அந்தப் பதவியை 1741-இல் பதினான்காம் பெனடிக்ட் உண்டாக்கினார், அவரே ஒத்த தீர்ப்புகள் இரண்டு வேண்டும் என்றும் விதித்தார். திருத்தந்தை பிரான்சிஸ் செய்த சீர்திருத்தத்தின்படி 2015 டிசம்பர் 8 முதல் ஒரு தீர்ப்பே போதும், மேல்முறையீட்டுக்கு 15 நாள். இருவரும் ஒத்துக்கொண்டு, ஆதாரம் வெளிப்படையாக இருந்தால் ஆயர் முன் குறுகிய வழக்கும் உண்டு. பிள்ளைகளின் தகுதிக்கு எந்தக் குறையும் வராது, சட்ட எண் 1137 அதைத் தெளிவாகச் சொல்கிறது. ஆனால் இந்தத் தீர்ப்புக்கு நாட்டுச் சட்டத்தில் மதிப்பில்லை. 1996-இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. ஆயரகத் தீர்ப்பை மட்டும் கையில் வைத்துக்கொண்டு மறுமணம் செய்தால் இருதார மணக் குற்றத்தில் மாட்ட நேரிடும். குடும்ப நீதிமன்றத்திலும் தீர்ப்பு வாங்கியே ஆக வேண்டும்.

கடைசியாகப் பதிவேடு. திருமணப் பதிவேடு வைக்கச் சொன்னது அதே தாமேத்சி. ஞானப்பெற்றோர் யார் என்று திருமுழுக்கு நேரத்தில் கேட்டு எழுதிவைக்கச் சொன்னதும் அதே சீர்திருத்தத்தின் அடுத்த பகுதி, ஏனென்றால் அப்போது ஞான உறவும் திருமணத் தடையாக இருந்தது. 1614-இன் உரோமைச் சடங்கு நூல் இவற்றோடு உறுதிபூசுதல், பங்கு மக்கள், இறப்பு ஆகியவற்றையும் சேர்த்து ஐந்து பதிவேடுகளுக்கு மாதிரி வாசகம் கொடுத்தது. ஐரோப்பாவில் சாதாரண உழவர்களின் பெயர்கூட நமக்குத் தெரிவது இந்தப் புத்தகங்களால்தான்.

இன்று அதில் நடக்கும் தவறுகள் இரண்டு. திருமுழுக்குச் சான்றிதழ் சிறு வயதில் வாங்கியது பீரோவில் இருக்கிறது என்று அதையே கொண்டுவருவார்கள். புதிதாக வாங்கச் சொல்வதற்குக் காரணம் உண்டு, பல மறைமாவட்டங்களில் ஆறு மாதத்துக்குள் எடுத்ததைத்தான் ஏற்பார்கள். திருமுழுக்குப் பதிவேட்டின் ஓரத்தில்தான் உறுதிபூசுதல், முந்தைய திருமணம், குருப்பட்டம், துறவற நித்திய வார்த்தைப்பாடு எல்லாம் குறிக்கப்படும். பழைய தாளில் அவை தெரியாது. இரண்டாவது, பெயர். புத்தகத்தில் ‘அந்தோணிசாமி’, பள்ளிச் சான்றிதழில் ‘அந்தோனி ராஜ்’, ஆதாரில் இன்னொன்று. விசாரணை நடக்கும்போதே இதைச் சொல்லிக் கோப்பில் குறிக்கச் சொல்லுங்கள்.

திருமணம் முடிந்ததும், நடந்த பங்கிலிருந்து இருவரின் திருமுழுக்குப் பங்குகளுக்கும் தகவல் போக வேண்டும் என்கிறது சட்ட எண் 1122. விடுபட்டுப் போவது இதுதான், குறிப்பாக ஒருவர் வேறு மறைமாவட்டத்தில் பிறந்திருந்தால். மூன்று மாதம் கழித்துத் திருமுழுக்குப் பெற்ற பங்குக்கு ஒருமுறை போய், புத்தகத்தைத் திறக்கச் சொல்லி, உங்கள் பெயருக்கு எதிரே ஓரத்தில் துணைவர் பெயரும் தேதியும் கோயிலின் பெயரும் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் திருமணச் சான்றிதழின் நகல் ஒன்றைக் கொடுத்து அங்கேயே எழுத வைத்துவிட்டு வாருங்கள்.